மருதை ஏறாத கப்பல்

அக்கரப்பத்தனை பஸ்ஸின் கொண்டக்டர்தான் செய்தியைக் கொண்டுவந்தார். ஹட்டனில் என் வானொலி திருத்தும் கடைக்கு எதிரில்தான் அந்த பஸ் நிற்கும். முஸ்லிம் கடைக்காரன் என்பதால் இங்கே எல்லோருக்கும் நான் 'நானா', அதாவது அண்ணன். மழையில் நனைந்தபடி இறங்கி வந்து, கடைப் பலகையில் இரண்டு கைகளையும் ஊன்றிக்கொண்டு சொன்னார்: "நானா, நம்ம மருதை செத்துப்போயிட்டாருங்க. நிமோனியாவாம். நாளைக்குக் காலையில எடுக்குறாங்க. ஒங்களுக்குச் சொல்லச் சொல்லி அவங்க அப்பா சொல்லிவிட்டாரு." நான் ஒரு வானொலியின் முதுகைத் திறந்து வைத்துக்கொண்டிருந்தேன். சரி என்றேன். அவர் போன பிறகு அந்த வானொலியைத் திருத்தி முடித்தேன். பாட வைத்தும் பார்த்தேன். அந்த நேரத்தில் அது எப்படி முடிந்தது என்று இன்னும் எனக்குப் புரியவில்லை.

இதை வாசிக்கிறவர்களில் சிலருக்கு அவனை 'மார்ட்டி' என்றுதான் தெரியும். நுவரெலியாவில் ஏப்ரல் சீசன் நாட்களில், ஹோட்டல் மண்டபத்து மாலை நடனங்களில் ரொக் பாடிய கறுத்த ஒல்லிப் பையன். வேறு சிலருக்கு அவன் பெரியசாமியின் மகன் மருதை, தேயிலைச் செடிகளைக் கவ்வாத்து வெட்டுகிற ஆள். இரண்டும் ஒருவன்தான் என்று தெரிந்தவர்கள் கொஞ்சப் பேர். அந்தக் கொஞ்சப் பேரில் நானும் ஒருவன். அவனோடு மேடையில் நின்று பேஸ் கிட்டார் வாசித்தவன். அவனுக்கு ஒலிபெருக்கி கட்டிக் கொடுத்தவன். பிறகு என்ன செய்தவன் என்பதையும் மறைக்காமல் எழுதத்தான் உட்கார்ந்திருக்கிறேன். அவனுக்கு வயது இருபத்து நான்கு.

முதலில் நான் அவனைக் கண்டது ஒரு ஞாயிற்றுக்கிழமை. தோட்டத்துச் சனம் சாமான் வாங்க ஹட்டனுக்கு இறங்கும் நாள். அவனுக்குப் பதினாறு வயது, ஏற்கெனவே தோட்டத்தில் பேர் பதிந்து வேலைக்குப் போய்க்கொண்டிருந்தான். அப்போது கடை என் வாப்பாவினுடையது. திருத்திய வானொலியைச் சோதிக்க நான் உரக்க வைப்பேன். அன்று ஆங்கில ஒலிபரப்பில் ரொக் பாட்டுகள் ஓடின. கம்பளியைத் தலையில் போட்டுக்கொண்டு அவன் வாசலில் நின்றான். ஒரு மணி நேரம் நின்றதும் வாப்பா என்ன வேண்டும் என்று கேட்டார். "ஒண்ணும் வேணாங்க மொதலாளி. இந்தப் பாட்டு முடியட்டும்னு நிக்கிறேன்" என்றான். ஒன்று முடிந்தால் அடுத்தது. அவன் அன்று வாங்க வந்த அரிசியை வாங்கினானா என்பதே சந்தேகம். மூன்றாவது ஞாயிறு கொப்பியும் பென்சிலும் கொண்டுவந்து, காதில் விழுந்த ஆங்கிலத்தைத் தமிழ் எழுத்தில் எழுதத் தொடங்கினான். உனக்கு இதற்கெல்லாம் அர்த்தம் தெரியுமா என்று கேட்டேன். "அர்த்தம் பொறகு வரும் நானா. மொதல்ல மூச்சு வரணும்" என்றான்.

மூச்சு அவனிடம் இருந்தது. அது எங்கிருந்து வந்தது என்று பிறகு அவன் தோட்டத்துக்குப் போனபோதுதான் தெரிந்தது. கவ்வாத்து மலையில் பனி இறங்கினால் பக்கத்தில் நிற்கும் ஆளையும் பார்க்க முடியாது. கையிலோ ஆளை வெட்டக்கூடிய கத்தி. அதனால் ஒருவருக்கொருவர் குரல் கொடுத்துக்கொண்டே நகர்வார்கள். நான் இங்கே இருக்கிறேன், நீ எங்கே இருக்கிறாய் என்பதற்கு அங்கே வார்த்தை கிடையாது, ஒரு நீண்ட சத்தம் மட்டும்தான். எதிர்மலையிலிருந்தும் மருதையின் குரலைத் தனியாகப் பிரித்தறிவார்களாம். மாசி மாதத்தில் காமன் கூத்து நடக்கும்போது அவன்தான் ரதி. எரிந்துபோன மன்மதனுக்காக ரதி அழும் இடத்தில் கிழவர்களும் துண்டால் மூக்கைத் துடைப்பார்கள். அந்த அழுகையைத்தான் அவன் கொண்டுபோய் ரொக் பாட்டுக்குள் வைத்தான். கேட்ட வெள்ளைக்காரர்களுக்கு அது என்னவென்று தெரியாது. ஆனால் ஆடிக்கொண்டிருந்த கால் ஒரு நொடி நிற்கும்.

எங்கள் கோஷ்டியை நடத்தியவர் ரெஜி என்ற பறங்கியர், ஐரோப்பிய வம்சாவளி. நுவரெலியாக்காரர், நல்ல கிட்டார்க் கை, வாயைத் திறந்தால் கேலி. தேயிலைத் தொழிற்சாலையின் டீமேக்கர் அவருக்குச் சிநேகிதர் என்பதால், வேலையில்லாத ஞாயிற்றுக்கிழமைகளில் கொழுந்து வாடப்போடும் மேல்மாடியில் ஒத்திகை பார்க்க இடம் கிடைத்தது. சாக்குத் தட்டுகளுக்கு நடுவே நின்று பாடினால் சத்தம் வெளியே சிதறாது. என் வாப்பாவுக்கு இதெல்லாம் பிடிக்காது. "தொழுற நேரத்துல மட்டும் அந்தக் கூத்து வேணாம் மகன்" என்பதோடு விட்டுவிட்டார். நான் அழைத்துப்போன முதல் நாள் ரெஜி மருதையின் கைகளைத் திருப்பிப் பார்த்தார். கத்தி பிடித்துக் காய்த்துப்போன உள்ளங்கை. இந்தக் கை மைக்கை உடைத்துவிடும் என்றார். பாட்டைக் கேட்ட பிறகு கையைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை.

முதல் மேடை ஒரு ஏப்ரல் சனிக்கிழமை மாலை. கடனுக்கு வாங்கிய கறுப்புக் கோட்டு அவனுக்குத் தோளில் நிற்கவில்லை, ரதிக்குச் சேலை குத்துவது போல நான் பின்னால் ஊசி குத்தி விட்டேன். மூன்றாவது பாட்டில்தான் அவன் தோட்டத்துத் துரை, மனைவியின் இடுப்பைப் பிடித்து ஆடிக்கொண்டே மேடைப் பக்கம் வந்தார். மேலே பார்த்தார். மருதை கண்ணை மூடிக்கொண்டு பாடினான். பாடுகிறவன் யாரென்று துரை அடையாளம் கண்டுகொண்டது எங்களுக்கு உடனே தெரிந்துவிட்டது, ஏனென்றால் அவருக்குத் தாளம் தவறிவிட்டது. திங்கட்கிழமை காலைப் பெரட்டில், ஆளெடுக்கும் இடத்தில், கணக்கப்பிள்ளை எல்லோர் முன்னாலும் கேட்டாராம்: "இன்னைக்குக் கத்தி புடிக்கிறீங்களா, மைக்குப் புடிக்கிறீங்களா?" மருதை, "ரெண்டுக்கும் கை ஒண்ணுதாங்களே ஐயா" என்று சொன்னான். அன்று அவனுக்கு அரைப் பேர்தான் விழுந்தது, முழு நாள் வெட்டி அரை நாள் கூலி. அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தான். எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது.

அடுத்த இரண்டு மூன்று சீசன்கள்தான் அவனுடைய தொழில் வாழ்க்கை. எழுதினால் ஒரு பக்கத்துக்குள் அடங்கிவிடும். நுவரெலியா, ஹட்டன் கிளப், ஒரு முறை கண்டி. அறிவிப்பாளர் "மார்ட்டி" என்பார், அவன் எங்கிருந்து வருகிறான் என்று சொல்லமாட்டார். இளசுகள் அவன் தலை வாருவதைப் பார்த்துத் தலை வாரினார்கள். ஆனால் அவன் திருப்திப்பட்டதில்லை. "இங்க பாடினா தோட்டத்து ஆளு பாடுறான்னுதான் நானா கேக்குறாங்க. என்னைய யாருன்னே தெரியாத எடத்துல ஒரு தடவ பாடிப் பாக்கணும். அப்பத்தான் இது பாட்டா வேடிக்கையான்னு எனக்கே தெரியும்" என்பான். அவன் கேட்டதெல்லாம் அவ்வளவுதான்.

அது கிடைக்கிற மாதிரித்தான் வந்தது. போன வருட ஆரம்பத்தில் ரெஜி ஒரு ஒப்பந்தத்தோடு வந்தார். அவுஸ்திரேலியாவுக்கும் இங்கிலாந்துக்கும் இடையே ஓடும் பயணிகள் கப்பலில், எட்டு மாதம், ஒவ்வொரு மாலையும் வாத்தியம். நான்கு ஆட்கள் வேண்டும், அதில் ஒருவன் பாடகன். கப்பல் கொழும்புக்கு வர மூன்று மாதம் இருந்தது. எல்லோரும் கடவுச்சீட்டு எடுங்கள் என்றார். மருதை பதறவே இல்லை. "எங்க வீட்டுல காயிதம் இருக்குங்க. அப்பா எப்பவோ எடுத்து வச்சிருக்காரு" என்றான். அடுத்த ஞாயிறு ஒரு பிஸ்கட் டின்னைக் கம்பளிக்குள் வைத்துக் கொண்டுவந்தான். அதற்குள் மஞ்சள் துணியில் சுற்றி, விபூதி தடவி, அரசாங்க முத்திரை போட்ட ஒரு ஆங்கிலக் கடிதம்.

அது என்ன கடிதம் என்பதற்கு முன்கதை ஒன்று சொல்ல வேண்டும். மருதைக்கு ஏழு வயதாக இருக்கையில்தான் இந்தியாவிலிருந்து வந்த மலைத்தோட்டத்துச் சனத்தின் பிரஜாவுரிமை பறிபோனது. பிறகு, இத்தனை வருடம் தொடர்ந்து இங்கே இருந்ததாகக் காட்டி விண்ணப்பித்தால் தருவோம் என்றார்கள். பெரியசாமியும் விண்ணப்பித்தார். சில வருடம் கழித்து விசாரணைக்கு அழைத்தார்கள், போனார். அதன் பிறகு இந்தக் கடிதம் வந்தது. அவருக்கு வாசிக்கத் தெரியாது. முத்திரையைப் பார்த்தார், கிடைத்துவிட்டது என்று நினைத்தார். கணக்கப்பிள்ளையிடம் காட்டினால் அந்த உபகாரத்தை ஆயுசுக்கும் சொல்லிக்காட்டுவார் என்று யாரிடமும் காட்டவில்லை. சாமிப் படத்துக்குப் பின்னால் வைத்து வெள்ளிக்கிழமைதோறும் சூடம் காட்டி வந்தார்.

என் கடையில் நின்றபடி ரெஜி அதை வாசித்தார். வாசிக்க வாசிக்க அவர் முகத்திலிருந்த கேலி இறங்கிக்கொண்டே போனது. விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டது. விண்ணப்பதாரருக்கு இந்தியாவில் விவசாய நிலமும் நிரந்தரத் தொடர்பும் இருப்பதாக அவரே வாக்குமூலம் அளித்திருக்கிறார். மேன்முறையீடு செய்வதானால் மூன்று மாதத்துக்குள். தேதி எட்டு வருடம் பழையது. நான் அதைத் தமிழில் சொன்னேன். மருதை என்னைத் திரும்பச் சொல்லச் சொன்னான். "எங்களுக்கு அங்க நெலமே கெடையாதுங்களே நானா" என்றான். அதை என்னிடம் சொல்லி என்ன செய்ய.

அன்றே மருதையும் நானும் பஸ் ஏறிப் போனோம். லயத்தில், தோட்டத்து வரிசை வீடுகளில், அவர்களுடைய காம்பரா வாசலில் பெரியசாமி முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். மருதை கடிதத்தை நீட்டி, அமைதியாகத்தான் கேட்டான். "இந்தியாவுல நெலம் இருக்குன்னு சொன்னீங்களாப்பா?"

அவர் கடிதத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னார்: "நாக்காலியில ஒரு ஐயா. பக்கத்துல கிளாக்கரு. பின்னால நம்ம லயத்து ஆளுங்க பூராப் பேரும் நிக்கிறாங்க. ஒன் அக்காளுக்கு மாப்புள்ள பேசிக்கிட்டிருந்தவங்களும் நிக்கிறாங்க. ஐயா கேக்குறாரு, ஊருல ஒனக்கு என்னா இருக்குன்னு. ஒண்ணுமே இல்லேங்க, பஞ்சம் பொழைக்க வந்தவங்கன்னு அத்தன பேருக்கு முன்னால எப்புடிடா சொல்றது? ரெண்டு ஏக்கரா நஞ்சை இருக்குன்னேன். அய்யனாரு கோயில்ல மொத மரியாத எங்களுக்குத்தான்னேன். தலையாட்டி எழுதிக்கிட்டாரு. நம்மள மதிச்சுத்தான் எழுதுறாருன்னு நெனச்சேன்."

பக்கத்துக் காம்பராவில் தேங்காய் துருவும் சத்தம் கேட்டது. பிறகு மருதை சொன்னான்: "சொன்னது சொன்னீங்க, ஒரு கெணத்தையும் சேத்துச் சொல்லியிருக்கலாமேப்பா. தண்ணி இல்லாம என்னா நஞ்சை?" பெரியசாமி சிரித்தார். சிரிப்பு பாதியில் அழுகையாகிவிட்டது. மகன் பக்கத்தில் உட்கார்ந்து அவர் தோளில் கை வைத்துக்கொண்டான். அவரைக் குற்றம் சொல்ல எனக்கும் வாய் வரவில்லை. ஏழைக்குப் பொய்யில்கூட இரண்டு ஏக்கர்தான் வந்தது, இருபது சொல்ல மனம் துணியவில்லை.

அதற்குப் பின் வந்த வாரங்களில் மருதை ஏறாத படி இல்லை. ஒரு காரியாலயத்தில் காலம் கடந்துவிட்டது என்றார்கள். ஒரு வழக்கறிஞர் அனுதாபத்தோடு தலையசைத்து அனுப்பினார். அப்படியானால் நான் இந்தியன்தானே, அந்தக் கடவுச்சீட்டாவது கொடுங்கள் என்று இந்திய அரசாங்கத்தின் காரியாலயத்தில் போய் நின்றான். அங்கே ஊர் எது, உறவு யார், நிலம் இருந்தால் பத்திரம் எங்கே என்று கேட்டார்கள். அன்று மாலை கடைக்கு வந்து, நனைந்த கம்பளியோடு ஸ்டூலில் உட்கார்ந்தான். "இவங்க இருக்குன்னு நம்பிட்டாங்க. அவங்க இருந்தாக் காட்டுங்கறாங்க. நான் எந்த ஊருக்குப் போய் அந்த ரெண்டு ஏக்கரத் தேடுறது நானா?" என்றான். ஆறுதல் சொல்லத் தெரியாமல், வெட்டினால்தானே செடி துளிர்க்கும் என்று தோட்டத்துப் பேச்சையே அவனிடம் சொன்னேன். "வெட்டுறவன் நான். எடந்தப்பி வெட்டினா செடி பட்டுப்போவுங்க" என்றான். இப்படி அலைந்ததில் பெரட்டுக்கு வராத நாட்கள் கூடி, தோட்டத்தில் அவன் பேரை வெட்டிவிட்டார்கள்.

கப்பலுக்குப் பத்து நாள் இருக்கும்போது ரெஜி கொழும்பிலிருந்து வேறு பாடகனைப் பிடித்தார். அவரைத் தவறு சொல்ல முடியாது. மருதை இல்லாவிட்டால் நானும் வரவில்லை என்று நான் சொல்லியிருக்கலாம். அதைத்தான் சொல்லப்போகிறேன் என்று நானே நம்பிக்கொண்டிருந்தேன். மருதை கடைக்கு வந்து, என் கிட்டாரை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, என் முகத்தைப் பார்க்காமல், "நீங்க போங்க நானா" என்றான். ஒரு தடவைதான் சொன்னான். நான் அவனை இரண்டாம் தடவை சொல்லவைக்கவில்லை.

எட்டு மாதம் போனேன். கடல் நன்றாக இருந்தது, சம்பளம் நன்றாக இருந்தது, கைதட்டினார்கள். இல்லை என்று சொன்னால் பொய். நான் கடலில் இருந்தபோதுதான் இலங்கை, இந்திய அரசாங்கங்கள் இரண்டும் உட்கார்ந்து, மலைச்சனத்தில் இத்தனை பேர் இங்கே, இத்தனை பேர் அங்கே என்று பங்கு பிரித்தன. கப்பல் வானொலியில் அதைக் கேட்டேன். மருதை எந்தப் பங்கில் என்று யோசித்தேன். யோசித்துவிட்டு இரவுச் சாப்பாட்டுக்குப் போனேன்.

இந்த வருடம் திரும்பி வந்து மூன்று வாரம் அவனைப் பார்க்கப் போகவில்லை. வெட்கம். கடைசியில் அவனே வந்தான். மெலிந்திருந்தான், றோட்டுக்குக் கல் உடைக்கப் போவதாகச் சொன்னான். அது மட்டும்தான் தன்னைப் பற்றிச் சொன்னது. மற்றதெல்லாம் கேள்வி. மேடை கப்பலின் எந்தப் பக்கம் இருக்கும். ஆடும்போது பாடுகிறவன் எதைப் பிடித்துக்கொள்வான். முதல் நாள் முதல் பாட்டு எது. சொன்னேன். அவன் உதடு அசைந்தது. அவனைச் சந்தோஷப்படுத்துவதாக நினைத்துக்கொண்டு, "அந்தக் கொழும்புக்காரன் என்ன பாட்டுடா பாடினான். ஒன் கால்தூசிக்குக் காணாது" என்றேன்.

"பொய் சொல்லாதீங்க நானா" என்றான். "நல்லாத்தான் பாடியிருப்பான். இல்லாட்டி எட்டு மாசம் வச்சிருக்க மாட்டாங்க."

என்னிடம் கப்பலில் வாங்கிய டேப் ரெக்கோடர் இருந்தது. ஒரு பாட்டுப் பாடு, பதிந்து வைக்கிறேன் என்றேன். "இன்னைக்கு வேணாங்க" என்றான். வற்புறுத்த எனக்கு என்ன யோக்கியதை. மே மாத மழையில் மறுபடியும் ஒரு மனுவைத் தூக்கிக்கொண்டு அலைந்திருக்கிறான், வாசலில் வரிசையில் நின்று நனைந்திருக்கிறான். காய்ச்சலோடு கல் உடைக்கவும் போயிருக்கிறான். தோட்டத்தில் பேர் இல்லாதவன் என்பதால் டிஸ்பென்சரிக்குப் போகக் கூச்சப்பட்டு, கொத்தமல்லிக் கஷாயத்தோடு கிடந்திருக்கிறான். எனக்கு ஒரு சொல் அனுப்பவில்லை. அனுப்பியிருந்தால் கார் பிடித்துக்கொண்டு போயிருப்பேன் என்று என்னிடமே சொல்லிக்கொள்கிறேன்.

அடக்கத்தன்று மழை விடவில்லை. தப்பு நனைந்து சத்தம் எழும்பவில்லை, அடிக்கடி நெருப்பில் காட்டிக் காட்டி அடித்தார்கள். கவ்வாத்துக்காரர்கள் தூக்கிப்போனார்கள். ரெஜி வந்திருந்தார், சப்பாத்துச் சேற்றில் புதைய ஓரமாக நின்றார். மண் போட்ட பிறகு பெரியசாமி என்னைத் தேடி வந்தார். என் கையைப் பிடித்துக்கொண்டார். கோபம் இருக்கும் என்று எதிர்பார்த்தேன், இல்லை.

"தம்பி, நீங்க கப்பல்ல போய் வந்தவரு. ஒண்ணு கேக்குறேன், மறைக்காமச் சொல்லுங்க. அவன் அதுல போயிருந்தா பொழச்சிருப்பானா?"

கப்பலில் ஒரு டொக்டர் இருந்தார். வெள்ளை விரிப்புப் போட்ட ஆறு கட்டில் இருந்தது. நடுக்கடலில் எனக்கே நெஞ்சுச் சளி கட்டி, அந்தக் கட்டிலில் நான்கு நாள் படுத்து, ஊசி போட்டு எழும்பி வந்தேன்.

"அது யாருக்கும் தெரியாதுங்க ஐயா" என்றேன். அவர் சரி என்று தலையாட்டினார். நம்பினாரா என்று தெரியவில்லை. அவர் நம்ப வேண்டும் என்று இப்போதும் வேண்டிக்கொள்கிறேன். இந்த எழுத்தை அவருக்கு யாரும் வாசித்துக் காட்டாதீர்கள்.

அவனை அறிந்தவர்கள் அவரவர்க்கு அவனுடைய ஏதோ ஒன்றை வைத்திருப்பீர்கள். ஒரு மாலை, ஒரு பாட்டு, தலை வாரிய விதம். அவன் குரல் எந்த இசைத்தட்டிலும் இல்லை, எந்த நாடாவிலும் இல்லை. பாட்டுக் கொப்பி அவன் அப்பாவிடம் இருக்கிறது, அதைக் கேட்க எனக்கு உரிமை இல்லை. என்னிடம் இருப்பது என் கடவுச்சீட்டு. அதில் பதினொரு துறைமுகங்களின் முத்திரை இருக்கிறது. அவனை யாரென்றே தெரியாத பதினொரு ஊர்கள். மருதையின் நினைவாக நான் வைத்திருப்பது அதைத்தான். அவன் கொடுத்தது என்று சொல்லத்தான் ஆசை. நான் எடுத்துக்கொண்டது.